நான் கழற்றிய மூன்று மோதிரங்கள்

இரண்டு வாரமாக என்னால் ஒரு இடத்தில் உட்கார முடியவில்லை. உட்கார்ந்தால் எழுந்துகொள்கிறேன். எழுந்தால், எதற்கு எழுந்தேன் என்பது மறந்துபோகிறது. குக்கர் எத்தனை விசில் விட்டது என்று கேட்டால் பேந்தப் பேந்த முழிக்கிறேன்.

"இன்னும் எத்தனை நாளைக்கு இப்படி? கால்ல சுடுதண்ணி கொட்டின மாதிரி அலையற..." என்கிறார் வீட்டுக்காரர்.

காரணத்தைச் சொன்னால் சிரிப்பீர்கள். மூன்று மோதிரங்கள். தங்கமில்லை, வெள்ளியில்லை, பித்தளைகூட இல்லை. கையால் தொடவே முடியாத மோதிரங்கள். என் மகளின் ஆன்லைன் கேமுக்குள் இருந்த கல்யாண மோதிரங்கள்!

சிரித்தாயிற்றா? சரி, இப்போது முழுசாகக் கேளுங்கள்.

என் மகள் மதுவுக்கு இருபத்தேழு வயது. ஐ.டி. வேலை. மாதத்தில் பாதி நாள் சென்னை, பாதி நாள் எங்கள் ஸ்ரீரங்கத்து ஃப்ளாட். வேலை முடிந்ததும் டேப்லெட்டில் ஒரு கேம் விளையாடுவாள். அதில்தான் ஆல்வின் என்ற பையனைச் சந்தித்தாள். முதலில் கேமில் பார்ட்னர், அப்புறம் போனில் ஃப்ரெண்ட், அப்புறம் நேரில் காபி... அப்புறம் என்ன? "அம்மா, உங்கிட்ட ஒண்ணு சொல்லணும்."

பையன் திருச்சிதான். மேலப்புதூர் பக்கம் வீடு. கிறிஸ்தவக் குடும்பம். நான் ஒரு வாரம் அழுதேன். வீட்டுக்காரர் ஒரு வாரம் பேப்பருக்குப் பின்னாலேயே குடியிருந்தார். எட்டாம் நாள் ஆல்வினே வீட்டுக்கு வந்தான். ஒரு மணி நேரம் பேசினான். போகும்போது காபி டம்ளரைக் கழுவி வைத்துவிட்டுப் போனான்! இந்த வீட்டில் முப்பது வருஷமாக ஒரு ஆண்பிள்ளை செய்யாத காரியம். நான் அப்போதே சரி என்றுவிட்டேன்.

இந்த வம்பு தொடங்கியது ஒரு வியாழக்கிழமை.

மது சோபாவில் சாய்ந்து டேப்லெட்டை வைத்துக்கொண்டிருந்தாள். நான் துணி மடித்தபடியே எட்டிப் பார்த்தேன். திரையில் ஒரு பெண். கையில் வில். மது அந்தக் கையைப் பெரிசாக்கி என்னமோ சரி செய்துகொண்டிருந்தாள். நாலு விரலில் நாலு மோதிரம். ஒன்று நீலம், ஒன்று சிவப்பு, ஒன்று பச்சை. ஒன்று மட்டும் நூல் மாதிரி மெலிசாக, வெள்ளி நிறத்தில்.

"என்னடி இது, நகைக்கடை பொம்மை மாதிரி?"

"எல்லாம் வெட்டிங் ரிங்மா. கலர் செட் ஆகுதான்னு இடம் மாத்திப் பார்க்கறேன்."

"நாலுமா?"

"நாலும்."

மடித்த துணி கையிலிருந்து நழுவிவிட்டது. நிஜமாகத்தான்.

அவள் ரொம்ப சாதாரணமாக விளக்கினாள். அந்த கேமில் ஒருவர் நாலு பேர் வரை கல்யாணம் செய்துகொள்ளலாமாம். ஜோடியாகப் போனால்தான் சில கதவுகள் திறக்குமாம். ஒவ்வொரு மோதிரத்துக்கும் ஒரு சக்தியாம். ஒன்று அடி தாங்குமாம், ஒன்று ஓட்டத்தில் வேகம் கொடுக்குமாம். பெண்ணும் பெண்ணும்கூடக் கட்டிக்கொள்ளலாமாம். "கேம்மா அது! பார்ட்னர்ஷிப் மாதிரி" என்றாள்.

"சரி, யாரு இந்த நாலு பேரு?"

"நீலம், காலேஜ் சீனியர் ஒருத்தர். இப்ப அவர் விளையாடறதே இல்லை. பச்சை, மலேசியால ஒரு அங்கிள். லாரி வெச்சிருந்தாராம். ரிட்டயர் ஆனவர், பேரன் சொல்லிக் கொடுத்து விளையாடறார். சிவப்பு ஆல்வின்."

"அந்த வெள்ளி?"

அதற்குள் லேப்டாப்பில் மீட்டிங் மணி அடித்துவிட்டது. "அப்புறம் சொல்றேன்மா" என்று ஹெட்போனை மாட்டிக்கொண்டாள்.

அந்த 'அப்புறம்' வரை நான் காத்திருந்திருக்கலாம். காத்திருந்தேனா? நான் எழுதுகிற இந்தப் பக்கத்தை வாராவாரம் வாசிக்கிறவர்களுக்குத் தெரியும். என் வாய் சும்மா இருந்தாலும் கை சும்மா இருக்காது. என் கல்யாணத்தில் நலங்கின்போது குடத்துக்குள் மோதிரத்தைப் போட்டு எடுக்கச் சொன்னார்களே... மாப்பிள்ளை கையை விடுவதற்கு முன்னாலேயே நான் எடுத்துவிட்டேன். மூன்று தடவையும்! "பொண்ணு ரொம்பத்தான் அவசரப்படுது" என்று நாத்தனார் அன்றைக்கே சொன்னாள். தப்பாகச் சொல்லவில்லை.

யோசித்துப் பார்த்தால் நம் ஊரில் ஒற்றை மோதிரத்தோடு யார் இருக்கிறார்கள்? நிச்சயத்துக்கு ஒன்று, கல்யாணத்துக்கு ஒன்று, ஜோசியர் சொன்ன கல் வைத்து ஒன்று, பெருமாள் உருவம் போட்டு ஒன்று. இப்போது மெலிசு மெலிசாக மூன்று மோதிரம் சேர்த்து ஒரே விரலில் போடுகிற செட்டும் கடையில் வந்துவிட்டது. எது உள்ளே, எது வெளியே, எந்தக் கலருக்குப் பக்கத்தில் எந்தக் கலர் என்று பிள்ளைகள் மணிக்கணக்கில் பேசுகிறார்கள். காலில் மெட்டியையே ஜோடி ஜோடியாக மாட்டுகிற கூட்டம்தானே நாம்? அதெல்லாம் உறுத்தவில்லை. ஆனால் நாலு மோதிரம், நாலு ஆள் என்றால்...?

அன்றைக்குச் சாயங்காலமே ஆல்வினின் அம்மா போன் செய்தார். பெயர் அமலோற்பவம். ரிட்டயர்டு டீச்சர். எல்லோருக்கும் அமலி டீச்சர். அதற்கு முன் ஒரே ஒரு தடவைதான் பார்த்திருக்கிறேன். பேச்சு குறைவு, பார்வை அதிகம். எனக்கு உள்ளூர பயம்.

"ஞாயித்துக்கிழமை வரோங்க. நிச்சயத்துக்கு நாள் பார்த்துடலாம். அப்புறம்... ஒரு ஆசை. இவங்க ரெண்டு பேரும் சந்திச்ச அந்த கேம்ல மது எப்படி இருப்பான்னு நான் பார்க்கணும். காட்டச் சொல்லுங்க."

டீச்சர் பார்ப்பார். கையைப் பார்ப்பார். டீச்சர்களுக்கு முதலில் கண்ணில் படுவது தப்புதானே! "நாலு மோதிரமா? யாரும்மா மத்த மூணு பேரு?" என்று கேட்டால்? ஜாதி, மதம் எல்லாவற்றையும் தாண்டி வந்து, மலேசியா லாரி அங்கிளிடம் போய் இந்தக் கல்யாணம் முட்டிக்கொண்டு நிற்க வேண்டுமா?

மதுவிடம் சொன்னேன். "ஞாயித்துக்கிழமைக்கு மட்டும் அந்த மூணையும் கழட்டி வெச்சிடேன்டி."

"கழட்டி வைக்கறதெல்லாம் கிடையாதும்மா அதுல. விடேன்."

"ஆல்வின் அம்மா என்ன நினைப்பாங்க?"

"ஆல்வினுக்கு எல்லாம் தெரியும். போதும்."

பிள்ளைகள் 'விடேன்' என்றால் அம்மாக்கள் விடுகிறார்களா? வெள்ளிக்கிழமை பூரா பொருமினேன். சனிக்கிழமை மத்தியானம் மது தலைக்குக் குளிக்கப் போனாள். நான் வீட்டை ஒழுங்குபடுத்திக்கொண்டிருந்தேன். பெண் வீட்டுக்கு மாப்பிள்ளை வீட்டார் வருவதற்கு முன்னால் நாம் செய்கிற வேலை உங்களுக்குத் தெரியாததா? பழைய பேப்பர் பரணுக்கு, கிழிந்த மிதியடி பால்கனிக்கு, வீட்டுக்காரரின் கைலி பீரோவுக்கு. கண்ணில் படக்கூடாதது எதுவும் கண்ணில் படக்கூடாது.

சோபாவில் டேப்லெட் கிடந்தது. கேம் திறந்தே இருந்தது.

அந்தப் பெண்ணின் கையைத் தொட்டேன். மோதிரங்கள் பெரிதாக வந்தன. நீலத்தைத் தொட்டேன். இங்கிலீஷில் என்னமோ நாலு வரி வந்தது. கீழே 'யெஸ்', 'நோ'. படித்தேனா? போன் வாங்கிய நாளிலிருந்து எந்த ஆப்பில் எந்த நாலு வரியை நாம் படித்திருக்கிறோம்? 'யெஸ்' அழுத்தினேன். நீலம் போயிற்று. பச்சை போயிற்று. அந்த நூல் மாதிரி வெள்ளியில் கை வைத்தபோது மட்டும் ஒரு நிமிஷம் தயங்கினேன். ஒரு சக்தியும் இல்லை என்று அதன் கீழே சைபர் போட்டிருந்தது. சரி, ஒன்றுக்கும் உதவாதது. அதையும் கழற்றினேன்.

சிவப்பு மட்டும் பளிச்சென்று இருந்தது. பார்க்கவே நிம்மதியாக இருந்தது. தூசி தட்டிய டீப்பாய் மாதிரி.

ஞாயிற்றுக்கிழமை வந்தார்கள். அமலி டீச்சர், அவர் கணவர், ஆல்வின். கேசரி, பஜ்ஜி, காபி. நாள் பார்த்தார்கள். பத்திரிகையில் சாமி பெயர் எப்படிப் போடுவது என்பதுகூடச் சிரிப்பும் பேச்சுமாக முடிந்துவிட்டது. எனக்குப் பெருமை தாங்கவில்லை.

"எங்கேம்மா, அந்த கேமைக் காட்டு" என்றார் டீச்சர். கண்ணாடியை எடுத்துத் துடைத்து மாட்டிக்கொண்டார்.

மது பக்கத்தில் உட்கார்ந்து திறந்தாள். வில்லோடு அந்தப் பெண் வந்தாள். "இது நான் ஆன்ட்டி. இது என் கை. இதுல பாருங்க..." என்று பெரிசாக்கினாள்.

அவ்வளவுதான். பேச்சு நின்றுவிட்டது.

இன்னொரு தடவை பெரிசாக்கினாள். மூடித் திறந்தாள். "இங்க இருந்துச்சு... ஆல்வின், இங்க இருந்துச்சுல்ல?"

ஆல்வின் எட்டிப் பார்த்தான். அவன் முகமும் மாறியது. "சர்வர் பிரச்சினையா இருக்கும் மது. வந்துடும்."

நான் என்ன செய்தேன் தெரியுமா? "இன்னும் ரெண்டு பஜ்ஜி வைக்கட்டுமா?" என்று கேட்டேன். கோழை. என்னை நானே வேறு எப்படிச் சொல்வது?

அமலி டீச்சர் ஏமாந்துபோய்க் கண்ணாடியைக் கழற்றினார். "நாலு மோதிரம்னு ஆல்வின் சொன்னான். அதைப் பார்க்கத்தாங்க ஆசையா வந்தேன். எதை எந்த விரல்ல போட்டிருக்கா, எப்படி அடுக்கியிருக்கான்னு கேட்கலாம்னு."

தட்டை நீட்டியபடியே கேட்டேன். "அதை... எதுக்குங்க?"

டீச்சர் தன் இடது கையை நீட்டினார். மோதிர விரலில் இரண்டு மோதிரம். ஒன்றோடு ஒன்று ஒட்டினாற்போல. ஒன்று தேய்ந்தது, ஒன்று கொஞ்சம் தடிமன்.

"உள்ளே இருக்கறது என் முதல் வீட்டுக்காரர் போட்டது. கல்யாணமாகி ரெண்டு வருஷத்துல பைக் ஆக்ஸிடென்ட்ல போயிட்டார். வெளியே இருக்கறது இவர் போட்டது. ஃபாதர் ரெண்டாவது மோதிரத்தை மந்திரிச்சுக் கொடுத்தப்ப, பழசை என்ன பண்றதுன்னு எனக்குத் தெரியலை. எங்க அம்மாவே, கழட்டிடுடி, பார்க்கறவங்க என்ன நினைப்பாங்கன்னாங்க. எந்த விரல்ல போட்டாலும் யாராவது ஒண்ணு சொல்வாங்க. இவர்தான் என் கையைப் பிடிச்சு, பழசை உள்ளே தள்ளி, தன்னோடதை வெளியே போட்டார்."

ஆல்வினின் அப்பா காபியை உறிஞ்சியபடி சொன்னார், "அவர் எனக்கு சீனியர்ங்க. அவர் உள்ளேதான் இருக்கணும்."

எல்லோரும் சிரித்தார்கள். நான் பஜ்ஜி தட்டோடு சமையலறைக்குள் போய்விட்டேன். யாருக்குப் பயந்து கழற்றினேனோ, அவர் அந்த மோதிரங்களைப் பார்ப்பதற்காகவே ஆட்டோ பிடித்து வந்திருக்கிறார்!

அவர்கள் கிளம்பும் வரை தாங்கினேன். கதவைச் சாத்தியதும் மதுவிடம் சொல்லிவிட்டேன். "நான்தான்டி கழட்டினேன். சனிக்கிழமை. நீ குளிக்கப் போயிருந்தப்ப."

கத்துவாள் என்று நினைத்தேன். கத்தியிருக்கலாம். தண்ணீர் பாட்டிலை மெதுவாகக் கீழே வைத்தாள்.

"வெள்ளியையுமா?"

"மூணையும்."

"அது சுகியோடதும்மா."

சுகன்யா. உங்களுக்கு அவளைத் தெரியாது, எனக்குத் தெரியும். மதுவின் காலேஜ் தோழி. சமயபுரத்துப் பெண். வைகுண்ட ஏகாதசிக்கு எங்கள் வீட்டில் வந்து தங்கி, ஊருக்குப் போகிற அன்று என் வத்தக்குழம்பை மூன்று தடவை வாங்கிச் சாப்பிட்டவள். இரண்டு வருஷத்துக்கு முன்னால் காய்ச்சல் என்று படுத்தாள். எழுந்திருக்கவே இல்லை. இருபத்தஞ்சு வயது. நானே போய் அழுதுவிட்டு வந்தேன். ஆனால் அந்த வெள்ளி மோதிரம் அவளுடையது என்று எனக்கு எப்படித் தெரியும்? கேம் பெயர் எல்லாம் இங்கிலீஷில் பறவை பெயர், மிருகம் பெயராக இருந்ததே... என்ன சொல்லி என்ன? கேட்டிருந்தால் தெரிந்திருக்கும்.

"கல்யாணம் பண்ணிக்கிட்டா அந்த கேம்ல ஒரு குட்டி வீடு கொடுப்பாங்கம்மா" என்றாள் மது. "நானும் அவளும் அதுல நிப்போம். நான் விளையாடாத நேரத்துலகூட என் பொம்மை அவ பக்கத்துல நிக்கும். சுகி போனதுக்கு அப்புறம், அவங்க அம்மா சுகி போன்ல தினமும் காலைல அந்த கேமைத் திறப்பாங்க. விளையாடத் தெரியாது. சும்மா அந்த வீட்டைப் பார்ப்பாங்க. நாங்க ரெண்டு பேரும் நிக்கறதை. நான் ஒரு பூ அனுப்புவேன். அவங்க ஹார்ட் பட்டனை அழுத்துவாங்க. அவ்வளவுதான். ரெண்டு வருஷமா."

நான் டேப்லெட்டை எடுத்து அவளிடம் நீட்டினேன்.

"நீ யெஸ்னு அழுத்தினது டைவர்ஸ்மா. அந்த வீடு போயிடும். சுகி போனுக்கு மெசேஜும் போயிருக்கும். மது உங்களை விட்டுப் பிரிஞ்சுட்டாங்கன்னு."

அதற்கு மேல் அவள் என்னிடம் பேசவில்லை. திங்கள் பேசவில்லை. செவ்வாய் பேசவில்லை. சாப்பிட்டாள், வேலை பார்த்தாள், "ம்" என்றாள். கேம் கம்பெனிக்கு எழுதினாளாம். நீங்களே ஒப்புக்கொண்டு எடுத்ததைத் திரும்பத் தர முடியாது என்று பதில் வந்ததாம். அதையும் அவள் அப்பாவிடம்தான் சொன்னாள்.

நான் ஹாலுக்கும் சமையலறைக்குமாக நடந்தேன். அம்மா மண்டபம் வரை போய்க் காவிரியைப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்தேன். தண்ணீர் ஓடியது. எனக்குத்தான் ஒன்றும் ஓடவில்லை. ஒரு தாய் காலையில் போனைத் திறக்கிறாள். காலி. மறுநாளும் திறக்கிறாள். காலி. இதை நினைத்துக்கொண்டு எப்படி ரசம் தாளிப்பது?

புதன்கிழமை காலை வீட்டுக்காரரிடம் மட்டும் சொல்லிவிட்டுக் கிளம்பினேன். டோல்கேட் வரைக்கும் ஒரு பஸ். அங்கே இறங்கி சமயபுரத்துக்கு இன்னொரு பஸ். ஜன்னல் சீட் கிடைத்தும் உட்கார முடியவில்லை. கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். "உட்காருங்கக்கா, எடம்தான் கிடக்கே" என்றார் கண்டக்டர்.

சுகன்யாவின் அம்மா ராஜாத்தி கோயிலுக்குப் போகிற வழியில் பூக்கடை வைத்திருக்கிறார். புதன்கிழமை என்பதால் கூட்டம் கம்மி. மல்லியைக் கட்டிக்கொண்டிருந்தவர் என்னைப் பார்த்ததும் எழுந்துவிட்டார்.

"வாங்கம்மா! மது அம்மா தானே? உட்காருங்க, உட்காருங்க. கல்யாணம் பேசியிருக்காமே, அவ போன் பண்ணிச் சொன்னா போன மாசம்."

பலகையில் துணி விரித்துக் கொடுத்தார். ஒரு டீயும் வந்தது.

"அந்த கேமு..." என்று ஆரம்பித்தேன்.

அவர் கை நின்றது. அப்புறம் மறுபடி கட்டத் தொடங்கினார். "பார்த்தேங்க. ஞாயித்துக்கிழமை இங்கிலீஷ்ல என்னமோ வந்துச்சு. அழுத்தினேன், போயிடுச்சு. அதுக்கப்புறம் வீட்டையே காணோம். புள்ள மட்டும் தனியா ஏதோ ரோட்டுல நிக்குது. எனக்குப் புரிஞ்சுபோச்சு. அது சரிதாங்க. நாளைக்குத் தாலி ஏறப் போற பொண்ணு, செத்துப்போனவ போட்ட மோதிரத்தைக் கைல வெச்சிருக்கலாமா? நானே சொல்லணும்னு இருந்தேன். வாய் வரலை. மதுமேல ஒரு வருத்தமும் இல்லைன்னு சொல்லுங்க."

இதைவிட என்னை ஒரு அறை அறைந்திருக்கலாம்.

அந்த இடத்தில் எனக்கு ஒரு வழி திறந்து கிடந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன். "ஆமாங்க, நீங்க புரிஞ்சுக்கிட்டீங்களே" என்று கும்பிட்டுவிட்டு வந்திருக்கலாம். யாருக்கும் தெரியாது. மாலை ஒன்று வாங்கிக்கொண்டு அம்மனையும் பார்த்துவிட்டு வந்திருக்கலாம். நாக்கின் நுனி வரை வந்தது. ஆனால் மதுவின் பெயரில் அந்தப் பழி போய் உட்காருமே!

"மது கழட்டலைங்க. அவளுக்குத் தெரியவே தெரியாது. நான் கழட்டினேன். மாப்பிள்ளை வீட்டுக்காரங்க பார்த்தா தப்பா நினைப்பாங்கன்னு, அவ இல்லாத நேரத்துல..."

ராஜாத்தி என்னையே பார்த்தார். கட்டிக்கொண்டிருந்த சரத்தைக் கீழே போட்டார்.

"நீங்க யாருங்க அதைக் கழட்டறதுக்கு?"

பக்கத்துக் கடைக்காரர்கள் திரும்பினார்கள்.

"எம்பொண்ணு போட்டுவிட்ட மோதிரம். உங்க பொண்ணு போட்டுக்கிட்ட மோதிரம். நடுவுல நீங்க யாரு? மாப்பிள்ளை வீட்டுக்கு அழுக்காத் தெரிஞ்சுதா எம்பொண்ணு? நாலு நாளா நான் மதுவை நினைச்சு நினைச்சு... அந்தப் புள்ளயும் நம்மளை விட்டுடுச்சேன்னு... ச்சே! படிச்சவங்கதானே நீங்க?"

"அம்மா, பூ என்ன விலை?" என்று ஒருவர் வந்தார். "இப்ப இல்லை, போங்க!" என்று அவருக்கும் விழுந்தது.

அவர் சொன்ன ஒவ்வொரு சொல்லும் எனக்கு உரியது. அழுகை வந்தது, அழுதேன். அவரும் அழுதார். இரண்டு பேரும் வேறு வேறு காரணத்துக்கு.

கொஞ்ச நேரம் கழித்து முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, என்னைப் பார்க்காமலேயே கேட்டார்: "மறுபடி போட முடியுமா?"

எனக்குத் தெரியவில்லை. மதுவுக்கு வீடியோ கால் போட்டேன். எடுக்கவில்லை. என் கால் ஆயிற்றே! ராஜாத்தியின் போனில் இருந்து போட்டோம். உடனே எடுத்தாள். பக்கத்தில் என் முகத்தைப் பார்த்ததும் அவள் முகம் போன போக்கு... அதை விடுங்கள்.

"ஆன்ட்டி, முடியும். ஆனா பழசு வராது. அது சுகி போட்டது, அது போனது போனதுதான். புதுசா ஒண்ணு. நான் அனுப்பறேன். நீங்க சுகி இடத்துல இருந்து சரின்னு சொல்லணும். சொல்றீங்களா?"

ராஜாத்தி சுகியின் போனை எடுத்து கேமைத் திறந்தார். திரையில் நூல் மாதிரி ஒரு வெள்ளி மோதிரம் வந்தது. கீழே இரண்டு பட்டன்.

"எதைங்க அழுத்தணும்?"

நான் கையை முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டேன். "வலது பக்கம், பச்சை. நீங்களே அழுத்துங்க."

பூவில் தெளித்த தண்ணீரில் அவர் விரல் ஈரம். அழுத்தினால் ஏற்கவில்லை. சேலையில் துடைத்துவிட்டு அழுத்தினார். அப்போதும் இல்லை. ஊதிக் காயவைத்துவிட்டு மூன்றாம் தடவை அழுத்தினார்.

திரையில் ஒரு மண்டபம் வந்தது. இரண்டு பெண்கள் எதிரெதிரே நின்றார்கள். மேலேயிருந்து பூ கொட்டியது. மணி அடித்தது. அந்த கேமில் கல்யாணம் என்றால் விளையாடுகிற எல்லோருக்கும் அறிவிப்பு போகுமாம். கீழே வரிசையாக வாழ்த்துகள் ஓடின. "படிங்க, படிங்க" என்றார் ராஜாத்தி. நான் படித்துச் சொன்னேன்; யார் யார் என்று வீடியோவில் இருந்த மது சொன்னாள். பெங்களூரில் இருந்து யாரோ, இலங்கையில் இருந்து யாரோ. ஆல்வின் "சீனியருக்கு வாழ்த்துகள்" என்று போட்டிருந்தான். மலேசியா லாரி அங்கிள், நான் பச்சை மோதிரத்தைப் பிடுங்கியதையும் மறந்துவிட்டு, "மணமக்கள் பல்லாண்டு வாழ்க" என்று தமிழிலேயே எழுதியிருந்தார்.

ராஜாத்தி போனை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்தார். "முதல்ல இவங்க பண்ணிக்கிட்டப்ப எனக்குத் தெரியாதுங்க. அவ போனதுக்கப்புறம்தான் மது சொல்லிச்சு. இப்பதான் பார்க்கறேன். எம்பொண்ணுக்கு நடந்த கல்யாணம் இது ஒண்ணுதான், அதையும் பார்க்காம இருந்தேன்... பார்த்துட்டேன்."



கிளம்ப எழுந்தேன். "நில்லுங்க" என்றார். குரலில் கோபம் இன்னும் மிச்சம் இருந்தது. மல்லிச் சரத்தில் இரண்டு முழம் அளந்து அறுத்தார். இலையில் சுற்றி நீட்டினார்.

"கல்யாணத்துக்கு வந்துட்டு வெறுந்தலையோட போவாங்களா? உங்க பொண்ணுக்கும் என் பொண்ணுக்கும் கல்யாணம்னா, நாம ரெண்டு பேரும் என்ன ஆச்சு?"

"சம்பந்திங்க" என்றேன்.

"ம். அப்ப வெச்சுக்கிட்டுப் போங்க."

வைத்துக்கொண்டுதான் பஸ் ஏறினேன். மது இன்னும் சரியாகப் பேசவில்லை. "சாப்பிட்டியா?" வரைக்கும் வந்திருக்கிறாள், அவ்வளவுதான். நிச்சயத்துக்கு இன்னும் பத்து நாள் இருக்கிறது. மேலப்புதூரில் இருந்து ஒரு குடும்பம், சமயபுரத்தில் இருந்து ஒரு குடும்பம் என்று இரண்டு பக்கத்துக்கும் தட்டு வைக்கச் சொல்லியிருக்கிறேன்.

ஒரே மகளைப் பெற்ற எனக்கு இப்போது இரண்டு சம்பந்தி... இரண்டு பேர் முன்னாலும் தலை நிமிர இன்னும் கொஞ்ச நாள் ஆகும்.